நிமலராசா கூடு கட்டிய வருஷம்

"நீங்கள் ஆர்?" என்று யோகாம்பிகை தன் புருஷனைக் கேட்டபோது, மறுமொழி சொல்லத்தான் நிமலராசா வாயைத் திறந்தார், ஆனால் சொல் வரவில்லை, நூல் வந்தது.

மெல்லிய, வெளிறிய, ஈரமான பட்டுநூல். அவர் அதை விரலால் தொட்டுப் பார்த்தார், கொஞ்சம் இழுத்துப் பார்த்தார், இழுக்க இழுக்க அது வந்துகொண்டே இருந்ததால், சாப்பாட்டு மேசையை அசுத்தப்படுத்தக் கூடாது என்று நினைத்தவர்போல ஒரு கையால் வாயைப் பொத்திக்கொண்டு, செருப்பும் போடாமல் பின்கதவைத் திறந்து வளவுக்குள் இறங்கினார். வேலியோரம் நின்ற காட்டுச் செர்ரி மரத்தில், மூட்டுவலிக்கு மாத்திரை போடுகிற மனுஷன் என்று யாரும் சொல்ல முடியாதபடி விறுவிறுவென்று ஏறி, வீட்டுப் பக்கம் நீண்ட கொப்பில் உட்கார்ந்து, கைக்கெட்டிய இலைகளையெல்லாம் இழுத்துத் தன்னைச் சுற்றிப் போர்த்து, உள்ளுக்கிருந்தபடி தைக்கத் தொடங்கினார். யோகாம்பிகை கீழே நின்று பார்த்தாள். முதலில் கால் மறைந்தது, பிறகு வயிறு, பிறகு வேலைச் சட்டையின் பொத்தான்கள். கடைசியாக முகம் மறைகிற நேரத்தில் அவர் அவளைப் பார்த்தார். அந்தப் பார்வையில் இருந்தது மன்னிப்பா, பயமா, தப்பிவிட்டேன் என்ற நிம்மதியா என்று அவளுக்குப் பிடிபடவில்லை. பொழுதுபடுவதற்குள் மரத்தில் மனிதர் இல்லை. அரிசிச் சாக்கு அளவில், காய்ந்த இலையின் நிறத்தில், ஒரு கூடு தொங்கியது.

யோகாம்பிகை கூச்சல் போடவில்லை. "கேள்விக்குப் பயந்து மரத்திலை ஏறிப்போட்டார்," என்று மட்டும் சொல்லிக்கொண்டு கதவைப் பூட்டினாள். அவளுடைய சந்தேகத்துக்குக் காரணம் இருந்தது.

ஒன்ராறியோவின் தெற்கில், ஏரிக்கரையில், கண்ணாடிக் கூரைகளுக்குக் கீழே தக்காளி வளர்க்கிற சின்ன ஊர் அது. அங்கே இருந்த தமிழ்க் குடும்பங்கள் எல்லாம் கலியாணத்துக்குப் போகும் ஒரே வாகன வரிசையில் அடங்கிவிடும். எல்லோரும் தக்காளிக்கே வேலை செய்தார்கள், எல்லோரும் ஒருவர் வீட்டு விசேஷத்துக்கு மற்றவர் போனார்கள், எவரும் எவருடைய பழைய கதையையும் தோண்டவில்லை. யோகாம்பிகையும் நிமலராசாவும் கலியாணம் கட்டிப் பல வருஷம். பிள்ளைகள் இல்லை. அவர் அதிகம் கதைக்காத, ஆனால் கேட்டால் சிரித்தபடி மறுமொழி சொல்கிற மனிதர். ஊர் வடமராட்சி, தாய் தகப்பன் செத்து மோசம் போய்விட்டார்கள், கூடப்பிறந்தவர்கள் இல்லை என்று அவர் சொல்லியிருந்தார். அவள் நம்பியிருந்தாள்.

அந்த வருஷம் ஆனி மாதத்தில் ரொறன்ரோவில் ஒரு கலியாண வீட்டுக்குப் போனார்கள். சாப்பாட்டு வரிசையில் அவர்களுக்கு முன்னால் நின்ற, கடுகு நிறச் சேலை கட்டிய ஒரு பெண் கரண்டியை வைத்துவிட்டுத் திரும்பினாள், நிமலராசாவைப் பார்த்தாள், கையிலிருந்த தட்டைப் பக்கத்தில் நின்ற யாருடைய கையிலோ திணித்துவிட்டு இரண்டு கையாலும் அவருடைய முகத்தைப் பிடித்துக்கொண்டாள்.

"உதயண்ணா! உதயண்ணா, என்னைத் தெரியேல்லையே? நான் வதனி!"

நிமலராசா அந்தக் கைகளை மெதுவாக எடுத்துவிட்டார். "நீங்கள் ஆளை மாறிப் பிடிச்சிட்டீங்கள், தங்கச்சி," என்றார்.

ஆளை மாறிப் பிடிப்பது கலியாண வீடுகளில் நடக்கிறதுதான். யோகாம்பிகையின் மனதில் ஏறியது அந்தப் பெண்ணின் அழுகை அல்ல. திரும்பி வரும் வழியெல்லாம் அவர் வானொலியைப் போடவில்லை என்பதும், தெருவின் ஓரமாகவே மெதுவாக ஓட்டினார் என்பதும், வீட்டுக்கு வந்து கை கழுவும்போது அந்தப் பெண் தொட்ட கன்னத்தை மட்டும் கழுவாமல் விட்டார் என்பதும்தான்.

அடுத்த நாளிலிருந்து அவர் சோறு சாப்பிடுவதை விட்டார். வேலையால் வந்ததும் வளவுக்குள் போய்ச் செர்ரி இலைகளைப் பிடுங்கிச் சாப்பிட்டார். முதலில் நுனிக் கொழுந்து, பிறகு முற்றிய இலை, பிறகு கொப்புக் கொப்பாக. மரம் அலுத்தபோது முன்வாசல் லைலாக் பூப்பற்றையில் கை வைத்தார். சீனி வருத்தத்துக்கு யாரோ மருந்து சொல்லியிருக்கிறார்கள் என்று யோகாம்பிகை முதலில் நினைத்தாள். ஆனால் இலை தின்கிறவர் மெலியவில்லை, வெளுத்துப் பச்சையாகி, கழுத்து மடிந்து, சட்டை பொருந்தாமல் கொழுத்தார். என் கையால் சமைத்ததைத் தின்னப் பயப்படுகிறாரா என்று அவள் சந்தேகப்பட்டாள். பிறகு, வெகுதூரம் போகிறவர்கள்தான் வழிக்கு வேண்டியதை இப்படிச் சேர்ப்பார்கள் என்று சந்தேகப்பட்டாள். ஆடியும் ஆவணியும் முழுக்கப் பொறுத்தாள், புரட்டாதியில் பொறுக்க முடியாமல் கேட்டாள், அவர் மரத்தில் ஏறினார்.

ஊர் அதை எப்படி எடுத்துக்கொண்டது என்பதுதான் பெரிய கதை.

பக்கத்து வீட்டு டொறீன்தான் முதலில் வந்தாள். தபால் போடும் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவள். கம்பி வலைக் கூண்டுகளில் அந்துப்பூச்சி வளர்ப்பது அவளுடைய பொழுதுபோக்கு. மரத்தை அண்ணாந்து பார்த்து, "ப்ரொமீதியா," என்றாள். "இந்தப் பகுதியில் உள்ள அந்துப்பூச்சிதான். ஆனால் இது கொஞ்சம் பெரிது."

"விழுந்திடுமா?" என்று யோகாம்பிகை ஆங்கிலத்தில் கேட்டாள்.

டொறீன் கையைக் காட்டி விளக்கினாள். இந்தப் பூச்சியின் புழு கெட்டிக்காரப் புழு. இலைக்குள் ஒளிந்துகொள்ளுமுன் இலைக்காம்பைக் கொப்போடு சேர்த்து நூலால் இறுக்கிக் கட்டிவிடும், அதனால் மரத்து இலையெல்லாம் உதிர்ந்தாலும் அந்த ஒரு இலை மட்டும் உதிராது, குளிர் முழுக்கக் காற்றில் ஆடிக்கொண்டு, பார்க்கிறவர் கண்ணுக்குச் செத்த இலைபோலவே கிடக்கும். "இவ்வளவு இறுக்கமாகக் கட்டியிருக்கிறார், பார். வெளியே வரும் எண்ணம் இல்லாதவர் இப்படிக் கட்டமாட்டார்."

யோகாம்பிகைக்கு அது ஆறுதலாக இருக்கவில்லை. இவ்வளவு திட்டத்தோடு செய்திருக்கிறாரா என்றுதான் தோன்றியது.

தக்காளிப் பண்ணையின் மேற்பார்வையாளர் ரெலிபோன் எடுத்துக் கேட்டபோது, டொறீன் சொன்ன கணக்கை வைத்து, "மரத்தில் இருக்கிறார், வைகாசி ஆனியில் வருவார்," என்றாள். அவர் அதைக் குளிர்கால விடுப்பு என்று பதிந்துகொண்டார். ஐப்பசி முடிவில், பேய் வேஷம் போட்டு வீடு வீடாக இனிப்புக் கேட்க வந்த வெள்ளைக்காரப் பிள்ளைகள் கூட்டைத் தெருவிலேயே நல்ல சோடனை என்று சொல்லி அதற்குக் கீழே நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். மார்கழியில் நத்தார்ப் பண்டிகைக்கு டொறீன் தன் வேலியில் கட்டிய மின்குமிழ்களில் ஒரு சரத்தை அந்தக் கொப்புக்கும் நீட்டிவிட்டாள்.

தமிழர்கள் அவ்வளவு லேசாக எடுக்கவில்லை. ஆளைக் கொன்று சாக்கில் கட்டித் தொங்கவிட்டிருக்கிறாள் என்றார்கள் சிலர். ஆள் வேறு மாகாணத்தில் வேறொருத்தியோடு இருக்கிறான், சாக்குக்குள் இருப்பது பழந்துணி என்றார்கள் வேறு சிலர். ஆனால் இரண்டு பக்கத்துப் பெண்களும் வீட்டுக்குப் போனதும் தங்கள் தங்கள் புருஷன்மாரின் சாப்பாட்டுத் தட்டை உற்றுப் பார்த்தார்கள். ஏனென்றால் அந்த ஊர் ஆண்களில் எத்தனையோ பேர் யாருடைய கடவுச்சீட்டிலோ, யாருடைய பிறந்த தேதியிலோ கடல் கடந்து வந்தவர்கள். வந்தபின் சிலர் பழைய பெயருக்குத் திரும்பினார்கள், சிலர் திரும்ப வழியில்லாமல் புதுப்பெயரிலேயே தாலி கட்டி, புதுப்பெயரையே பிள்ளைகளுக்கு முதலெழுத்தாகக் கொடுத்தார்கள். அந்தக் குளிர்காலம் முழுக்க அவர்கள் கீரையைத் தொடவில்லை. முருங்கையிலையைப் பார்த்தால் தட்டைத் தள்ளினார்கள். கோழிக்கறி நல்லாயிருக்கு, இன்னும் போடு என்று சத்தமாகச் சொன்னார்கள். பெண்கள் கேள்வி கேட்பதை நிறுத்தினார்கள், "எங்கை போட்டு வாறீங்கள்?" என்பதுகூட, "வந்திட்டீங்கள்," என்று ஆகிவிட்டது.

முதல் பனி விழுந்த மத்தியானம், கடுகு நிறச் சேலைக்காரி பேருந்தில் வந்து இறங்கினாள். இப்போது தடித்த கோட்டும், கையில் ஒரு பயணப் பையும். வாசலில் நின்று பனியைத் தட்டிக்கொண்டே, "என்ர அண்ணாவைப் பார்க்க வந்தனான்," என்றாள்.

"உமக்கு ஆர் சொன்னது?"

"ரொறன்ரோ முழுக்க உதுதான் கதை, அக்கா."

அவளை உள்ளே விட யோகாம்பிகைக்கு மனமில்லை. பனியில் நிற்க விடவும் மனமில்லை. தேத்தண்ணி கொடுத்தாள், பிறகு நிலவறையில் கிடந்த கட்டிலைக் காட்டினாள், வந்தவள் போகவில்லை. வதனி பகல் வேளைகளில் ஒரு பேக்கரியில் வேலை தேடிக்கொண்டாள். பின்னேரம் வந்து கோட்டையும் கழற்றாமல் மரத்தடியில் நின்று கூட்டோடு கதைத்தாள். யோகாம்பிகை குசினி யன்னலைக் கொஞ்சம் திறந்து வைத்துக்கொண்டு, குளிர் உள்ளே வந்து விரல் விறைக்க விறைக்க, அவள் என்ன சொல்கிறாள் என்று காது கொடுத்தாள். அம்மா எப்படிச் செத்தா என்று சொன்னாள். வீட்டுக் கிணறு தூர்ந்துபோனதைச் சொன்னாள். ஒரு கோழியின் பெயரைச் சொல்லிச் சிரித்தாள். இத்தனையையும் உண்மைபோலச் சொல்கிறவள், யன்னல் திறந்திருக்கிறது என்று தெரிந்துதான் சொல்கிறாளோ என்று யோகாம்பிகை நினைத்தாள்.

ஒருநாள் வெங்காயம் உரித்துக்கொண்டிருக்கும்போது கேட்டாள்: "உம்மட அண்ணாவுக்கு ஏதும் அடையாளம் இருக்கே?"

"இடது காதுக்குப் பின்னாலை ஒரு தழும்பு. நாய் கடிச்சது. நான்தான் அந்த நாய்க்குக் கல்லெறிஞ்சனான், அது அவரைக் கடிச்சிட்டுது."

நிமலராசாவுக்கும் அதே இடத்தில் தழும்பு இருந்தது. ஊஞ்சலால் விழுந்தது என்று அவர் சொல்லியிருந்தார். ஆனால் கலியாண வீட்டில் இவள் அவருடைய முகத்தை இரண்டு கையாலும் பிடித்தாளே. விரல்கள் காதுக்குப் பின்னால்தானே போயின.

வதனிக்கும் சந்தேகம் இருந்தது. "நீங்கள் அவரை என்ன செய்தனீங்கள், அக்கா?" என்று அவளும் ஒருநாள் கேட்டாள். "நல்லா இருக்கிற மனுசன் ஏன் இப்பிடிக் கூட்டுக்குள்ளை போகவேணும்?"

"ஒண்டும் செய்யேல்லை. ஆர் எண்டு கேட்டனான். அவ்வளவுதான்."

"இவ்வளவு வருஷம் கேக்காமல்?"

"இவ்வளவு வருஷம் தெரியும் எண்டு நினைச்சன்."

அண்ணன் உதயசீலன் எப்படிப் போனான் என்று வதனி சொன்னாள். யுத்தத்துக்குத் தப்பி மழைக்குள் ஊர் முழுக்கத் தெருவில் நடந்த அந்தப் பெரிய இடப்பெயர்வில், அம்மாவையும் அவளையும் ஒரு பள்ளிக்கூட விறாந்தையில் இருத்திவிட்டு, தண்ணி எடுத்துக்கொண்டு வாறன் என்று போத்தலோடு போனவன் திரும்பவில்லை. அன்றைக்கு அவளுக்கு ஒன்பது வயது. யோகாம்பிகை கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "அப்ப நிமலராசா எண்டது ஆர்?" என்றாள்.

"அது எனக்குத் தெரியாது. அந்தப் பேரிலை உண்மையா ஒரு பெடியன் இருந்திருந்தால், அவனைத் தேடியும் எங்கேயோ ஒருத்தி இருப்பாள்."

அன்று யோகாம்பிகைக்கு, தாலி கட்டியவர் யார் என்ற சந்தேகம் போதாதென்று, தான் யாருடைய பெயருக்குப் பொட்டு வைத்திருக்கிறேன் என்ற சந்தேகமும் சேர்ந்துகொண்டது.

மாசி மாதத்தில் ஒரு மரங்கொத்தி வந்து கூட்டைக் கொத்தத் தொடங்கியது. இரண்டு பெண்களும் ஆளுக்கொரு விளக்குமாற்றோடு ஓடினார்கள். சத்தம் கேட்டு வந்த டொறீன் ஏணி வைத்து ஏறி, கூட்டில் காது வைத்து, கையால் ஏந்திப் பார்த்துவிட்டு இறங்கினாள்.

"கனமாகத்தான் இருக்கிறது. அது நல்லது," என்றாள். பிறகு, சொல்லலாமா வேண்டாமா என்று யோசித்தவள்போல, "சிலவேளை குளவி ஒன்று வந்து புழுவுக்குள் முட்டை போட்டுவிடும். புழுவுக்கே தெரியாது. வழக்கம்போலத் தின்னும், வழக்கம்போலக் கூடு கட்டும். ஆனால் வெளியே வருவது அந்துப்பூச்சியாக இருக்காது, குளவியாக இருக்கும்," என்றாள்.

யோகாம்பிகை அதை வதனிக்குத் தமிழில் சொன்னாள். இருவரும் கொப்பை அண்ணாந்து பார்த்தார்கள். உள்ளே போனவர் யார் என்று தெரியாது; அவருக்குள் யார் இருந்தார் என்றும் தெரியாது; வரப்போவது யார் என்று எதைக்கொண்டு சொல்வது?

பனி உருகத் தொடங்கியதும் ஊரின் பயம் கூடியது. தமிழ்ச் சங்கத் தலைவர் பரராசசிங்கம் ஒரு சனிக்கிழமை காலை நான்கைந்து ஆண்களோடும் ஒரு ஏணியோடும் கொப்பு வெட்டும் வாளோடும் வந்தார். கோட் பைக்குள் கையை விட்டுக்கொண்டு, எல்லோருக்கும் நல்லது நினைக்கிற குரலில் பேசினார்.

"பிள்ளை, இதை இறக்கிறது நல்லது. பூட்டின அறைக்குள்ளை வைச்சு, வாற நேரம் நாங்கள் ரெண்டு பேர் பக்கத்திலை நிண்டு பாத்துக்கொள்ளுவம்."

"ஏன் அண்ணை? மரத்திலை இருந்தால் உங்களுக்கு என்ன?"

"வெளியிலை வந்து அவன் கண்டபடி கதைச்சால்? ஆர் ஆர் எப்பிடி வந்தது, என்ன பேரிலை வந்தது எண்டு? உண்மை சொல்லத் தொடங்கினவன் தன்ர உண்மையோட நிப்பாட்டுவானே?"

ஒருவன் ஏணியைச் சாய்த்தான். வதனி ஓடிப்போய் ஏணியின் கீழ்ப்படியில் ஏறி உட்கார்ந்துகொண்டாள். யோகாம்பிகை மரத்துக்கும் பரராசசிங்கத்துக்கும் நடுவில் வந்து நின்றாள். முகத்தில் கோபம் இருக்கவில்லை, உண்மையாகவே அறிய விரும்புகிறவளின் முகம்தான் இருந்தது.

"அண்ணை," என்றாள், "உங்கட பேர் என்ன?"

பரராசசிங்கம் சொல்லத்தான் நினைத்தார். வாயைத் திறந்தார். நாக்கின் நுனியில் ஏதோ ஈரமாக, மயிர்போல, ஊர்ந்ததுபோல அவருக்கு இருந்திருக்க வேண்டும். சட்டென்று வாயை மூடி, இரண்டு விரலால் உதட்டைத் தடவிப் பார்த்து, ஒன்றும் இல்லை என்று உறுதி செய்துகொண்டு, வந்தவர்களுக்குக் கண்ணைக் காட்டினார். ஏணியைத் தூக்கிக்கொண்டு போனவர்கள் தெரு முனை வரைக்கும் ஒருவரோடு ஒருவர் பேசவில்லை.

அன்றிலிருந்து யோகாம்பிகை வதனியின் கட்டிலை மேல்மாடி அறைக்கு மாற்றினாள். நம்பியதால் அல்ல, அங்கிருந்தும் மரம் தெரியும், இன்னும் ஒரு சோடிக் கண் காவலுக்கு நல்லது.

வைகாசியில் லைலாக் பூத்தது. டொறீனின் கூண்டில் சாதாரண அளவுக் கூடுகளிலிருந்து பூச்சிகள் வெளிவரத் தொடங்கின. பெண்பூச்சி செம்மண் நிறம். ஆண்பூச்சி கரியது, ஓரத்தில் மட்டும் வெளிறிய கரை. பின்னேர வெயிலில் பெண்பூச்சி கூண்டு வலையில் அசையாமல் இருந்தபடி ஒரு வாசத்தைக் காற்றில் விட்டது, மனித மூக்குக்கு எட்டாத அந்த வாசத்தைப் பிடித்துக்கொண்டு எங்கோ காட்டிலிருந்தெல்லாம் கரிய ஆண்பூச்சிகள் காற்றை எதிர்த்துப் பறந்து வந்து கூண்டைச் சுற்றிச் சுழன்றன. யோகாம்பிகை அவற்றுக்குச் சீனித் தண்ணீர் வைக்கவா என்று கேட்டாள்.

"தேவையில்லை," என்றாள் டொறீன். "அவற்றுக்கு வாய் கிடையாது. புழுவாக இருந்தபோது தின்றதை வைத்துத்தான் வாழும். ஏழு நாள், ஒரு கிழமை; அதிகம் போனால் கொஞ்சம் கூட."

குளிர் முழுக்க யோகாம்பிகை காத்திருந்தது ஒரே ஒரு மறுமொழிக்கு. சொல்ல வாயில்லாமல் வரத்தான் உள்ளே போனாரா? தெரிந்துதான் இலை தின்றாரா? பிறகு, முதன்முறையாக, வேறொன்றும் அவளுக்கு உறைத்தது: ஒரு கிழமை.

ஆனி மாதத்தில் ஒரு காலை, வதனிதான் மாடியிலிருந்து கத்தினாள். கூட்டின் மேல் நுனி நனைந்து இளகி, நூல்கள் விலகி, அதன் வழியே ஒரு தலை வந்தது, தோள் வந்தது, ஈரமாய்ச் சுருங்கிய கரிய துணிபோல ஏதோ முதுகில் ஒட்டிக்கொண்டு வந்தது. அவர் கொப்பைப் பிடித்துத் தொங்கினார். வெயில் ஏற ஏற அந்தத் துணி விரிந்து விரிந்து சிறகுச் செட்டையானது, மூடிய குடை அளவிலிருந்து கதவின் அளவுக்கு, கருப்பாய், ஓரத்தில் மங்கிய வெண்கரையோடு. நெற்றியிலிருந்து இரண்டு உணர்கொம்புகள் பறவை இறகுபோலக் கிளைத்திருந்தன. முகம் அவருடைய முகம்தான், ஆனால் மூக்குக்குக் கீழே தோல் வழுவழுப்பாக நாடிவரை ஓடியது.

அவர் தானாகவே இறங்கி வந்து வீட்டின் பின்சுவரில், வெயில் படுகிற இடத்தில், செட்டைகளை விரித்து ஒட்டிக்கொண்டார். யோகாம்பிகை பக்கத்தில் போய் இடது காதைப் பார்த்தாள். வதனியும் எட்டிப் பார்த்தாள். புதுத்தோல், ஊஞ்சலுமில்லை, நாயுமில்லை, ஒரு கீறல்கூட இல்லை. உணர்கொம்புகள் யோகாம்பிகையின் பக்கம் சாய்ந்தன, அவளை முகர்ந்தன. பிறகு வதனியின் பக்கம் சாய்ந்தன, அங்கே அதிக நேரம் நின்றன; அல்லது அப்படி யோகாம்பிகைக்குத் தோன்றியது.

வதனி அந்தக் கண்களையே பார்த்துக்கொண்டு நின்றாள். பிறகு ஒரு அடி பின்னுக்கு வந்தாள்.

"இல்லை, அக்கா," என்றாள். "இது என்ர அண்ணா இல்லை."

"என்ன?"

"நான்தான் ஆளை மாறிப் பிடிச்சிட்டன். மன்னிச்சுக்கொள்ளுங்கோ. இவர் உங்கட மனுசன்தான்."

அவள் மாடிக்குப் போனாள், பையைக் கட்டினாள், நடந்தே பேருந்து நிற்கும் இடத்துக்குப் போய்விட்டாள். வெற்றி பெற்றவள்போல யோகாம்பிகை சுவரடியில் நின்றாள். புருஷன் மிஞ்சினார். யாரும் உரிமை கேட்கவில்லை. ஆனால் நிற்க நிற்க அவளுடைய மனம் அரித்தது. குளிர் முழுக்க மரத்தடியில் நின்று செத்த தாயின் கதை சொன்னவள், ஒரு பார்வையில் எதைக் கண்டு இல்லை என்றாள்? அடையாளம் ஒன்றுமே இல்லாத முகத்தில், ஆம் என்று சொல்ல வழியில்லை என்றால், இல்லை என்று சொல்ல மட்டும் வழி எங்கிருந்து வந்தது? அவள் அதைச் சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லையே.

காரை எடுத்துக்கொண்டு போனாள். வதனி தரிப்பிட வாங்கில் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

"நீர் பொய் சொல்லுறீர்."

"இல்லை, அக்கா."

"அப்ப அம்மாவாணை எண்டு சொல்லும்."

வதனி தெருவின் அந்தப் பக்கத்தைப் பார்த்தாள். வாகனங்கள் போயின. பேருந்து வந்து, கதவைத் திறந்து, கொஞ்சம் பார்த்துவிட்டு மூடிக்கொண்டு போனது. யோகாம்பிகை பையைப் பிடுங்கிக் காருக்குள் போட்டாள்.

"ஏறும். இன்னும் ஒரு கிழமைதான் இருக்கு."

அந்தக் கிழமை ஊர் முழுக்க வந்தது. பெண்கள் சாப்பாட்டுப் பெட்டியோடு வந்து, சாப்பிட வாயில்லாதவரைப் பார்த்துவிட்டு, பெட்டியை இந்த இருவரிடமும் கொடுத்துவிட்டுப் போனார்கள். ஆண்கள் தூரத்தில் நின்றார்கள், அவருக்கு வாய் இல்லை என்று கண்டதும் மெல்லக் கிட்ட வந்தார்கள், பிறகு சுவரோரம் குந்தியிருந்து தங்கள் உண்மைப் பெயர்களை ஒவ்வொருவராக அவருடைய காதில் சொன்னார்கள். பரராசசிங்கம் வெகுநேரம் சொன்னார். எழும்பியபோது கண்ணைத் துடைத்துக்கொண்டார், பிறகு சுற்றிலும் பார்த்து யார் கேட்டார்கள் என்று சந்தேகப்பட்டார்.

பின்னேரங்களில், டொறீனின் கூண்டுப் பக்கமிருந்து காற்று வரும்போது, அவருடைய உணர்கொம்புகள் விறைத்து நிமிர்ந்தன, செட்டைகள் நடுங்கின. இரண்டு பெண்களும் இரண்டு பக்கமும் எழும்பி நிற்பார்கள். ஒருதரம் அவர் பறந்தார். செர்ரி மரத்தைச் சுற்றி, கூரையைச் சுற்றி, அவருடைய நிழல் வளவு முழுக்க ஓடியது. "நிமல்!" என்று ஒருத்தி கத்தினாள், "உதயண்ணா!" என்று மற்றவள் கத்தினாள், எந்தப் பெயருக்குத் திரும்பினார் என்று இருவருக்கும் தெரியாதபடி அவர் திரும்பி வந்து அதே சுவரில், இருவருக்கும் நடுவில், ஒட்டிக்கொண்டார். யோகாம்பிகை அவருடைய காலைத் தடவினாள். கேட்க வேண்டிய கேள்வி அவளிடம் இன்னும் இருந்தது. அவள் கேட்கவில்லை. செட்டை ஓரம் தேய்ந்து கிழிந்துகொண்டு வந்த நாட்களில், வெயில் கூடினால் வதனி குடை பிடித்தாள், மழை வந்தால் இருவரும் சேர்ந்து அவருக்கு மேலே ஒரு படங்குத் துணி கட்டினார்கள்.

ஒரு காலை அவர் சுவரிலிருந்து இறங்கிப் புல்லில் கிடந்தார். தூக்கியபோது கனமே இருக்கவில்லை. இருவரும் யோகாம்பிகையின் கலியாணக் கூறைச் சேலையில் வைத்து, காற்று பிடுங்கிக்கொண்டு போகாமல் நான்கு மூலையையும் பிடித்துக்கொண்டு, அவரை உள்ளே கொண்டுவந்தார்கள்.

ஈமக் கிரியைக்கு ரொறன்ரோவிலிருந்து ஒரு குருக்கள் வந்தார். மண்டபத்தில் ஊர் கூடியிருந்தது. செட்டைகளை மடித்து, வேட்டி கட்டி, பூவுக்கு நடுவில் கிடத்தியிருந்தவரை ஒருதரம் பார்த்துவிட்டு, தர்ப்பையை விரலில் போட்டுக்கொண்டு, குருக்கள் எல்லா இடத்திலும் கேட்கிறதைத்தான் கேட்டார்.

"மோசம் போனவரின்ர பேர் என்ன?"

ஆண்கள் நிலத்தைப் பார்த்தார்கள்.

"உதயசீலன்," என்றாள் யோகாம்பிகை.

"நிமலராசா," என்றாள் வதனி.

இரண்டு குரலும் ஒரே மூச்சில் வந்தன. குருக்கள் ஒருத்தியைப் பார்த்தார், மற்றவளைப் பார்த்தார். வரும் வழியில் யாரோ அவருக்கு இந்த ஊரைப் பற்றிச் சொல்லியிருக்க வேண்டும், இரண்டாம்தரம் கேட்காமல் இரண்டு பெயரையும் சேர்த்துச் சொல்லி மந்திரத்தைத் தொடங்கினார்.

யோகாம்பிகை திரும்பினாள். வதனி ஏற்கனவே அவளைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இவள் உண்மை தெரிந்து சொல்கிறாளா, எனக்காகச் சொல்கிறாளா என்று இரண்டு பேருடைய கண்ணும் மற்றவளின் முகத்தைத் துழாவின, ஒன்றும் பிடிபடவில்லை. குருக்கள் வாய்க்கரிசிக்குக் கூப்பிட்டார். ஒரே தட்டிலிருந்து இருவரும் அரிசியை அள்ளிக்கொண்டு குனிந்தார்கள், ஒரு கணம் தயங்கினார்கள், பிறகு அந்த வழுவழுப்பான தோலில், வாய் இருந்திருக்க வேண்டிய இடத்தில், ஒன்றும் உருண்டு விழாதபடி மெல்ல மெல்ல வைத்தார்கள்.